ஏழாவது விதி

அன்பு மச்சான் ஜமால்,

நீ போய் ஒரு வருஷம் ஆகிறது. பழவேற்காட்டு ஏரிக்கரையில் மறுபடியும் கூடாரம் அடித்திருக்கிறார்கள். நாளைக் காலை முப்பது வாத்தியார்கள் தண்ணீரில் இறங்கப் போகிறார்கள். அவர்களை இறக்கிவிடப் போகிறவன் நான்.

நம் திட்டம் மேலிடத்துக்கு ரொம்பப் பிடித்துவிட்டதாம். வகுப்பில் நிற்கவே கால் நடுங்குகிறவர்களை மூன்று நாள் வெளியே கொண்டுபோய்த் தேற்ற வேண்டும் என்றாயே, அதுதான். முதல் நாள் மணல்மேட்டில் கூட்டமாக நடை. இரண்டாம் நாள் இருவர் இருவராக, ஒருவர் கண்ணைக் கட்டிக்கொண்டு. மூன்றாம் நாள் முழங்கால் தண்ணீரில், நட்டுவைத்த கழிகளை ஒட்டி, எதிர்த் திட்டு வரை தனித்தனியாக. மனைவி இறந்ததிலிருந்து யாரிடமும் பேசாத ஒருவர் முதல் முகாமில் திட்டில் ஏறியதும் வாய்விட்டு அழுதார். அன்றைக்கு நீ பூரித்ததைப் பார்க்க வேண்டுமே!

இப்போது அந்தத் திட்டத்தை விதிகளோடு அச்சடித்தே அனுப்பியிருக்கிறார்கள். எல்லாம் உன் யோசனை. ஏழாவது விதி மட்டும் என்னுடையது: 'தண்ணீரில் யாரும் பேசக்கூடாது, கூப்பிடக்கூடாது, திரும்பிப் பார்க்கக்கூடாது.'

ஏரியில் நடக்கும் மீன்காரர்கள் கொஞ்ச தூரத்துக்கு ஒரு முறை குரல் கொடுப்பார்கள். பின்னால் வருகிறவன் பதில் கொடுக்க வேண்டும். வராவிட்டால் திரும்பி ஓடுவார்கள். நமக்குக் கழி நட்டுக் கொடுத்த மீன்காரர் கோதண்டம் அன்றே சொன்னார். "கொரலு உட்டுக்கினே போங்க சார். வாய மூடிக்கினு போனா, பின்னால இருக்கறவனுக்கு இன்னா ஆச்சுன்னு யாருக்குத் தெரியும்?" நீ சரி என்றாய். நான்தான், "மனசு அடங்க வந்த இடத்துல சந்தை இரைச்சல் எதுக்கு?" என்று உன் வாயை அடைத்தேன். ஏன் விட்டுக்கொடுத்தாய் மச்சான்? ஒரு அறை விட்டிருக்கலாமே?

போன வருஷம், அடுத்த முகாமில், தண்ணீரில் நீதான் கடைசி. உனக்கு முன்னால் நான். நடுவழியில், பின்னால் தண்ணீர் சளப்பென்றது. "வேலா" என்று ஒரு குரல் வந்து பாதியில் நின்றது. எனக்குக் கேட்டது. விதியை எழுதினவனே மீறுவதா என்று நடந்துகொண்டே இருந்தேன். திட்டில் ஏறித் திரும்பினால் கழிகள் மட்டும் நிற்கின்றன. கோதண்டம்தான் உன் உடலைத் தேடி எடுத்துத் தூக்கி வந்தார்.

"அவுங்க ஒரு வாட்டிகூடவா கூப்புடல, அண்ணே?" என்று உன் மனைவி ஆயிஷா கேட்டாள். "இல்லம்மா" என்றேன். அதற்குப் பிறகு அந்த வீட்டுக்குப் போக எனக்குக் கால் வரவில்லை.

இந்த மழையில் முகத்துவாரம் உடைந்து ஏரியின் அடி மாறிவிட்டது. இன்று கழி நட இறங்கிய கோதண்டம் பாதியில் கரையேறிவிட்டார். "முட்டிக்கால் தண்ணி இருந்த எடத்துல கழி உள்ள போய்க்கினே கீது சார். ஒரே பேஜாரா கீது, நான் வரல." முகாம் தலைவரிடம் ஓடினேன். ஏழாவது விதியை நீக்குங்கள், நடையையே நிறுத்துங்கள் என்றேன். அவர் கோப்பைப் புரட்டினார். "போன வருஷம் நடந்தது மாரடைப்புதானே? நீங்கதான எழுதிக் கொடுத்தீங்க?"

ஆமாம், நீ கூப்பிட்டதை மறைத்து நான்தான் அப்படி எழுதிக் கொடுத்தேன். அந்தக் காகிதத்தை நம்பித்தான் முப்பது பேர் நாளை கால் வைக்கிறார்கள். இன்று மாலை அவர்கள் கரையில் சிரித்துப் பேசிக்கொண்டிருக்கிறார்கள்.

உனக்கு வாக்குக் கொடுக்கிறேன். விடியும் முன்பே முதலில் ஆயிஷாவிடம் போய், நீ கூப்பிட்டாய், எனக்குக் கேட்டது என்று சொல்வேன். மற்றவர்கள் வாயால் அவளுக்கு இது தெரியக்கூடாது. அங்கிருந்து நேரே கரைக்கு வந்து அந்த முப்பது பேரிடமும் சொல்வேன். வேலை போகட்டும், போலீஸ் வரட்டும், ஒருவரும் இறங்க மாட்டார்கள்.

அவள் என்னை அண்ணன் என்றதால்தான் நீ எனக்கு மச்சான் ஆனாய். நாளைக்கு அவள் அந்த முறையை அறுத்துவிடலாம். அதனால் இன்றைக்கே கையெழுத்துப் போட்டுவிடுகிறேன்.

உன் மச்சான்,
வேலாயுதம்