டேக்கிகிராபி என்றால் என்ன என்று கேட்டாய்

அன்புள்ள மகனுக்கு,

அம்மா எழுதுவது. நீயும் மருமகளும் பேத்தியும் சுகமாகத்தான் இருப்பீர்கள், யாருக்காவது தும்மல் வந்திருந்தால்கூட போன் வந்திருக்கும், அதனால் தனியாக விசாரிக்கவில்லை. இங்கே நான் சுகம். அப்பாவைப் பற்றிக் கீழே எழுதுகிறேன், அதற்கு உனக்கு அவசரமில்லை என்று தெரியும், நீ கேட்ட விஷயத்தை முதலில் முடித்துவிடுகிறேன். போன ஞாயிற்றுக்கிழமை நீ போன் செய்தாய். இத்தனை நாள் கழித்து மணி அடிக்கிறதே, அப்பாவைப் பற்றி விசாரிக்கத்தான் என்று நினைத்துக்கொண்டு அடுப்பை அணைத்துவிட்டு ஓடிவந்தேன். பேத்திக்குப் பள்ளிக்கூடத்தில் தாத்தா பாட்டி பார்த்த வேலையைப் பற்றி எழுதச் சொல்லியிருக்கிறார்களாம், பழைய போட்டோவில் நம் வாசல் பலகையைப் பார்த்துவிட்டு அந்தச் சொல்லுக்கு அர்த்தம் கேட்கிறாளாம். "டேக்கிகிராபின்னா என்னம்மா, அர்த்தமும் எப்படி யூஸ் பண்றதுன்னும் ரெண்டு வரில சொல்லுங்க போதும்" என்றாய். கடிதமாக எழுதுகிறேன் என்றேன். இதோ எழுதுகிறேன், இரண்டு வரியில் அடங்கவில்லை, பொறுத்துக்கொள்.

டேக்கிகிராபி என்பது கிரேக்கத்திலிருந்து வந்த சொல். விரைவாக எழுதுவது, அவ்வளவுதான். ஸ்டெனோகிராபி என்றால் ஒடுக்கி எழுதுவது, பிராக்கிகிராபி என்றால் குட்டையாக எழுதுவது, மூன்றும் ஒரே வேலைக்கான பெயர்கள். ஆனால் முதல் பெயர் மட்டும் யாருக்கும் தெரியாது. யாருக்கும் தெரியாததால்தான் அப்பாவுக்குப் பிடித்தது என்று நீ கிண்டலடிப்பாய். அது இல்லை விஷயம். சுருக்கெழுத்து என்ற சொல்லே அவருக்கு ஆகாது. எதைய்யா சுருக்கினோம் என்று கேட்பார். பேசுகிறவன் நூறு சொல் பேசினால் நூறும் தாளில் இருக்கும், தடுமாறினால் தடுமாற்றமும் இருக்கும், கோடுதான் சின்னது, பேச்சு முழுசு, விடாமல் பிடிக்கிறோமே தவிர வெட்டிக் குறைக்கவில்லை என்பார். அதனால்தான் ஊரில் இதைச் சொல்லிக்கொடுத்த எல்லோரும் சுருக்கெழுத்து நிலையம் என்று பலகை மாட்டியபோது இவர் மட்டும் டேக்கிகிராபி நிலையம் என்று மாட்டினார். பழங்காலத்துக் கிரேக்க, ரோமானிய எழுத்தர்கள் கையாண்ட குறி முறைகளுக்கும் இந்தப் பெயரைச் சொல்வதுண்டு. பேத்தி அதையும் எழுதட்டும், டீச்சருக்குப் பிடிக்கும். பழசு தூரத்தில் இருந்தால் எல்லோருக்கும் பிடிக்கிறது, பக்கத்தில் கட்டிலில் படுத்திருந்தால்தான் கஷ்டம்.

இனி உபயோகம். பலகை மாட்டியதும் முதலில் படியேறி வந்தவர் பாஸ்போர்ட் போட்டோ எடுக்க வந்தவர், தலையைப் படிய வாரி பவுடர் பூசிக்கொண்டு. அப்பா அவரை உட்காரவைத்துச் சொல்லின் வேரிலிருந்து ஆரம்பித்து விளக்கினார். அந்த மனுஷன் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அதெல்லாம் சரி சார், எப்ப எடுப்பீங்க" என்றாராம். அதற்கப்புறம் தெரு முழுக்க அப்பா டேக்கி சார் ஆனார், நான் டேக்கியம்மா, நீ குட்டி டேக்கி. அப்படிக் கூப்பிட்டவர்களோடெல்லாம் நீ சட்டை கிழியச் சண்டை போட்டுவிட்டு வருவாய். வகுப்பில் ஒரு நாள் உட்கார்ந்து பார் என்று அப்பா கூப்பிட்டதற்கு, கொக்கி கொக்கியாகப் போட நான் என்ன மீன் பிடிக்கிறவனா என்று கேட்டாய். எனக்குச் சுருக்கென்றது. அவர் விழுந்து விழுந்து சிரித்தார், வருகிற பேட்சுக்கெல்லாம் அதைச் சொல்லிச் சிரித்தார். பெற்ற பிள்ளை மூக்கை உடைத்ததை இவ்வளவு பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்த மனுஷனை நான் வேறெங்கும் பார்க்கவில்லை. வீட்டுக்குள் அந்தச் சொல்லுக்கு இன்னொரு உபயோகமும் இருந்தது, அதை ஏற்படுத்தியவன் நீதான். ஒருத்தர் சொன்னதை அச்சுப் பிசகாமல் அவர் முகத்துக்கு நேரே நான் திருப்பிச் சொன்னால் அதற்கு டேக்கி பண்ணுவது என்று பெயர். "அம்மா, டேக்கி பண்ணாதீங்க" என்று கத்துவாய். மருமகளும் வந்த புதிதில் அந்த ஒன்றை மட்டும் சீக்கிரமாகக் கற்றுக்கொண்டாள், வேறெதையும் கற்றுக்கொள்ளவில்லை. அதைப் பேத்தி எழுத வேண்டாம்.

இப்போது அப்பா. பக்கவாதம் வந்ததும், பேச்சு போனதும், வலது கை விழுந்ததும் உனக்குத் தெரியும். தெரிவித்தபோது "அடடா" என்றாய். மீதியை மறுபடி கேள். வகுப்பு நடந்த முன்னறையிலேயே கட்டில் போட்டு, பெஞ்சுகளைச் சுவரோரம் ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கிவைத்திருக்கிறேன். இடது கையில் சாக்பீஸைப் பிடித்து சிலேட்டில் எழுதுகிறார். முழு எழுத்தாக எழுதத் தெம்பு கிடையாது, ஒரு சொல் முடிவதற்குள் கை நழுவிவிடுகிறது, டேக்கிகிராபிக் கோடுகள்தான் வருகின்றன. அழுத்திப் போட வேண்டிய கோடும் லேசாகப் போட வேண்டிய கோடும் ஒரே மாதிரி விழுகின்றன, மாணவன் போட்டிருந்தால் தாளைக் கிழித்திருப்பார். பகலில் பார்த்துக்கொள்ள வரும் நர்ஸ் அதைப் பார்த்துவிட்டு, "பாவம்மா, ஏதோ கிறுக்கறாரு" என்றாள். கிறுக்கல் இல்லை, உன் செல்லப் பெயர். ஒரு வளைவு, பக்கத்தில் ஒரு புள்ளி. காலையில் அதுதான், மத்தியானம் அதுதான், துடைத்துக் கொடுத்தால் திரும்பவும் அதுதான். நான் அவருக்கு எத்தனை வருஷம் பெண்டாட்டி, என் பெயரை ஒரு தடவை எழுதவில்லை. அப்புறம் சாப்பாட்டைத் தள்ளிவிட ஆரம்பித்தார். ரொட்டியைப் பாலில் ஊறவைத்து ஊட்டினால் வாயை இறுக்கி மூடிக்கொள்வார். டாக்டர் வந்து பார்த்துவிட்டு, "உடம்புல புதுசா ஒண்ணும் இல்லம்மா, மனசுதான். இப்படியே சாப்பிடாம கிடந்தா தாங்க மாட்டாரு, பிள்ளைய வரச்சொல்லுங்க" என்று சொல்லிவிட்டுப் போனார். இதெல்லாம் ஞாயிற்றுக்கிழமை போனிலேயே உன்னிடம் சொன்னேன். நீ கேட்ட டேக்கிகிராபியை ஒரு பக்கம் வைத்துவிட்டு இதைத்தான் சொன்னேன், ஒரு தடவை வந்து முகத்தைக் காட்டிவிட்டுப் போ என்று கெஞ்சினேன். நான் யாரிடமும் கெஞ்சியவள் இல்லை.

அதற்கு நீ பேசியதை நினைவிருக்கிறதா என்று கேட்க மாட்டேன். உனக்கு நினைவிருக்க வேண்டியதில்லை, என்னிடம் இருக்கிறது. யாராவது வேகமாகப் பேச ஆரம்பித்தால் என் கை பென்சிலைத் தேடும். கோர்ட்டில் காலமெல்லாம் வாக்குமூலம் எடுத்த கை, எதிரில் பேசுவது சாட்சியா சொந்தப் பிள்ளையா என்று அதற்குத் தெரியாது. போன் பக்கத்தில் இருந்த நோட்டில் எடுத்துவிட்டேன். "இப்ப வர்றதுல என்னம்மா பிரயோஜனம். ம். அவருக்குப் பேச்சும் இல்ல, நான் வந்து அவர் மூஞ்சியப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கவா. ரெண்டு தடவ லீவு கேக்க முடியாதும்மா. ஏதாவது ஆச்சுன்னா சொல்லுங்க, அப்ப ஒரேயடியா வந்துக்கறேன்." நடுவில் வரும் அந்த ம் நீ எதையோ மென்று விழுங்கியது. அதையும் விடவில்லை.

போனை வைத்ததும் முன்னறையில் சிலேட்டைத் தட்டும் சத்தம் கேட்டது. மணி அடித்தது அவர் காதில் விழுந்திருக்கிறது. போய்ப் பார்த்தால், என்ன சொன்னான் என்று எழுதிவைத்துக்கொண்டு நீயே படியேறி வருகிற மாதிரி என்னைப் பார்க்கிறார். வேறு ஒருத்தியாக இருந்தால் வாய்க்கு வந்த நல்ல பொய்யைச் சொல்லியிருப்பாள். நான் நோட்டை எடுத்துவந்து கட்டில் பக்கத்தில் நின்று, கோர்ட்டில் வாசிக்கிற மாதிரி ஏற்ற இறக்கம் இல்லாமல் ஆரம்பத்திலிருந்து கடைசிவரை வாசித்தேன். நர்ஸ் தலையில் கை வைத்துக்கொண்டு, "ஐயோ, என்னம்மா பண்றீங்க" என்றாள். என்ன பண்ணுகிறேன் என்று தெரிந்துதான் பண்ணினேன். இல்லாத பிள்ளைக்காக இந்த மனுஷன் எதற்குப் பட்டினி கிடக்க வேண்டும், தெரிந்து மனசு விட்டுப்போகட்டும், அப்புறமாவது நான் ஊட்டுவதைச் சாப்பிடட்டும் என்று நினைத்தேன். அது கொடுமை என்றால் கொடுமைதான், நீ ஆரம்பித்ததை நான் முடித்துவைத்தேன். வாசித்து முடித்ததும் அவர் இடது கையின் ஆள்காட்டி விரலைத் தூக்கினார். மறுபடி வாசி என்று அர்த்தம். மறுபடி வாசித்தேன், அந்த ம் உட்பட. சிலேட்டை வாங்கி என் முகத்தைப் பார்க்காமல் வெகு நேரம் எழுதினார். "நீ தப்பா எடுத்திருக்க. அவன் அப்படிப் பேசற பிள்ளை இல்ல."

எனக்கு எப்படி இருந்திருக்கும் என்று உனக்குப் புரியாது. எனக்கு இந்த வேலையைக் கற்றுக்கொடுத்தவர் அவர். என் வீட்டுக்காரி எடுத்தால் எடுத்ததுதான், அதற்கு மேல் அப்பீல் கிடையாது என்று பேட்ச் பேட்சாகச் சொன்னவர் அவர். நான் அப்படிச் சொல்லவேயில்லை என்று பெரிய பெரிய வக்கீல்கள் மேஜையைத் தட்டியபோது, நீதிபதி என்னை வாசிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு அவர்களை உட்காரச் சொல்லியிருக்கிறார். அப்படிப்பட்ட என்னைப் பார்த்து, உன் யோக்கியதையைக் காப்பாற்றுவதற்காக, நீ தப்பாக எடுத்தாய் என்று எழுதுகிறார். என் ஆயுசில் சேர்த்த ஒரே சொத்தை உன் காலடியில் போட்டார். நோட்டை அவர் மேல் வீசிவிட்டு வெளியே போகலாம் என்றுதான் வந்தது. அந்தக் கண்ணைப் பார்த்தேன், கால் நகரவில்லை. கோர்ட்டில் ஒரு நடைமுறை உண்டு. வாசிக்கும்போது ஆட்சேபம் வந்து, நீதிபதி அதை ஏற்றுக்கொண்டால், எழுதியதை ரப்பரால் அழிக்கக் கூடாது. ஒரே கோட்டால் அடித்து, ஆட்சேபித்தவர் சொல்லும் வாசகத்தை மேலே எழுதி, ஓரத்தில் எடுத்தவர் சுருக்கொப்பம் வைக்க வேண்டும். அதிலிருந்து திருத்தியதுதான் பதிவு, அடித்ததை யாரும் கேட்கக் கூடாது. சரி, அப்படியானால் அவன் என்னதான் சொன்னான், நீங்களே சொல்லுங்கள் என்றேன், கோபத்தில்தான் கேட்டேன். அவர் சிலேட்டைத் துடைத்துவிட்டு உன் பேச்சை எனக்கு டிக்டேட் பண்ணினார். "லீவு சொல்லியிருக்கேன். வந்துடறேன். அதுவரைக்கும் அப்பாவைச் சாப்பிடச் சொல்லுங்க."

நான் நீ பேசியதை ஒரே கோட்டால் அடித்தேன், இதை மேலே எழுதினேன், சுருக்கொப்பம் வைத்தேன். ஆமாம், தப்பாக எடுத்துவிட்டேன், போனில் இரைச்சல் என்றும் சொன்னேன். என் வாழ்க்கையில் நான் வைத்த ஒரே பொய்க் கையெழுத்து அது. அவர் வாயைத் திறந்து தட்டைப் பார்த்துத் தலையை அசைத்தார். ஊட்டினேன், சாப்பிட்டார். நர்ஸ் அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டு மூக்கை உறிஞ்சினாள். எனக்கு அழுகை வரவில்லை, உன் மேல் ஆத்திரம்தான் வந்தது, இப்போதும் இருக்கிறது. அன்றிலிருந்து ஒரு வேளை தவறாமல் சாப்பிடுகிறார், பிள்ளை சொல்லியிருக்கிறானாம். காலையில் நர்ஸைக் கூப்பிட்டு முகம் மழித்துக்கொள்கிறார். வகுப்புக்குப் போடும் வெள்ளைச் சட்டைதான் வேண்டுமென்று அடம் பிடித்துப் போட்டுக்கொண்டு, தலையணையை உயர்த்தச் சொல்லி, வாசல் தெரியும்படி சாய்ந்து உட்கார்ந்திருக்கிறார். வெளியே கார் நின்றால் சிலேட்டைக் கீழே வைத்துவிடுகிறார், கை காலியாக இருக்க வேண்டுமாம்.

ஆகவே, லீவு சொல்லியிருக்கிறேன், வந்துவிடுகிறேன் என்று நீ சொல்லியிருக்கிறாய். இனி அதுதான் நீ சொன்னது. வந்து நிற்க வேண்டியது மட்டும்தான் பாக்கி, வந்து அவர் மூஞ்சியைப் பார்த்துக்கொண்டு உட்காரு, அதற்குத்தான் கூப்பிடுகிறேன். வேலை, மேலதிகாரி, பிள்ளையின் படிப்பு என்று பதில் எழுதி என் தலையைத் தின்னாதே. நீ வரவில்லை என்றால், ஒரு நாள் அவர் மறுபடி விரலைத் தூக்கி, அவன் என்னதான் சொன்னான், வாசி என்பார். அன்றைக்கு நான் இன்னொரு தடவை பொய் வாசிக்க மாட்டேன். ஒரே கோட்டால்தான் அடித்திருக்கிறேன், கீழே இருப்பது நன்றாகவே தெரிகிறது. அதற்கப்புறம் நீ ஒரேயடியாக வந்துகொள்ளலாம்.

பேத்திக்கு என் ஆசீர்வாதம். நன்றாகப் படிக்கட்டும், எழுதும்போது எதையும் விடாமல் எழுதட்டும், நீண்ட ஆயுசோடு, உங்கள் யாரைப் போலவும் இல்லாமல் நல்ல மனசோடு இருக்கட்டும். மருமகளை விசாரித்ததாகச் சொல். உனக்கும் ஆசீர்வாதம்தான், பெற்றவளுக்கு வேறு வழி கிடையாது. கிளம்பும் நாளைப் போனில் என்னிடம் சொல்லாதே, அப்பா காதருகில் ரிசீவரை வைக்கிறேன், அவரிடமே உன் வாயால் சொல்லு, நான் எடுத்துச் சொன்னால் இனிமேல் அவர் நம்ப மாட்டார்.

இப்படிக்கு,
உன் பேச்சைத் தப்பாக எடுத்த
அம்மா