சாமியைக் குத்தாத கோடாலி

திருவண்ணாமலை,
12.4.1982

அன்புள்ள மகன் தருமனுக்கு அப்பா எழுதுவது. அண்ணாமலையார் புண்ணியத்தில் நானும் அம்மாவும் சௌக்கியம், அந்தக் குளிரில் உன் உடம்பு எப்படி இருக்கிறது என்பதுதான் எங்களுக்குத் தெரிய வேண்டும். இங்கே வெயில் ஜாஸ்தி, கிணற்றில் தண்ணீர் கம்மி, ஆனாலும் மல்லாட்டைச் செடியில் கடலை நன்றாகக் காய்த்திருக்கிறது.

லீவுக்கு வந்தபோது விட்டுப்போன ஐஸ் கோடாலியை உடனே அனுப்பச் சொல்லியிருந்தாய், அடுத்த மாதம் உன் ராணுவக் குழு சிகரம் ஏறுகிறது, கம்பின் அடியில் இருக்கும் கூர்தான் பனியில் ஊன்றி நிற்கக் காப்பு என்றும் எழுதியிருந்தாய். கோபப்படாமல் கேள். போன கார்த்திகை தீபத்தன்று மலையேற, முட்டி வலிக்கு ஊன்றுகோலாக இருக்கட்டும் என்று அதை எடுத்தேன். அம்மா வாசலிலேயே மறித்தாள். செருப்புக்கூடப் போடாமல் ஏறுகிற மலை, மலையேதான் சாமி, அவர் உடம்பில் இரும்பைக் குத்திக் குத்தியா ஏறப்போகிறீர்கள் என்று ஒரே சண்டை. எனக்கும் நியாயமாகத்தான் பட்டது. பட்டறை பலராமனிடம் கொடுத்து அந்தக் கூரை உலக்கை முனை மாதிரி மழுங்க அராவ வைத்துவிட்டேன். உச்சிவரை போய் வந்து ஊரெல்லாம் பீற்றிக்கொண்டேன், என்ன செய்ய.

உன் கடிதம் கண்டு மறுபடி பலராமனிடம் ஓடினேன். நெருப்பில் வைத்தால் இரும்பின் உறுதி போய்விடும் என்று அரத்தாலேயே இரண்டு நாள் அராவிக் கூராக்கினான். நீளத்தில் அரை அங்குலம் கம்மி. எனக்கு மனசு ஆறவில்லை. ஐஸ் கம்பெனியில் ஒரு பாளம் கேட்டு வாங்கி, வேட்டியை மடித்துக் கட்டி, வெறுங்காலோடு அதன்மேல் ஏறிக் கோடாலியை ஊன்றினேன். கால் வழுக்கியது, கோடாலி வழுக்கவில்லை. அங்கிருந்தவர்கள் எல்லாம் சிரித்தார்கள். இதன்மேல் நாள்கணக்காக நடக்கிறாயே என்று எனக்குக் கண் கலங்கிவிட்டது. எதற்கும் உன் ஆபீசரிடம் காட்டி, அவர் சரி என்றால் மட்டும் எடுத்துப்போ.

பார்சல் இன்று போகிறது. கூரில் அம்மா துணி சுற்றி மஞ்சள் கயிறு கட்டியிருக்கிறாள், அவிழ்க்காமல் ஏறிவிடாதே. அவன் ஏறப்போகிற மலையும் சாமிதானே, இப்போது என்ன சொல்கிறாய் என்று அவளைச் சீண்டினேன். கயிற்றில் இன்னொரு முடிச்சு போட்டு இறுக்கினாள். பிறகு சொன்னாள், "நல்லா அழுத்திக் குத்தி ஏறட்டும்னு எழுதுங்க. மன்னிப்பை நான் இங்க கேட்டுக்கிறேன்." தினமும் விடிந்ததும் மலையைப் பார்த்துக் கேட்டுக்கொண்டும் இருக்கிறாள்.

நீ இறங்கி வந்து கடிதம் போடும்வரை கேட்பாள், அதனால் சீக்கிரம் போடு. நீண்ட ஆயுளோடு நன்றாக இரு.

உன் அப்பா,
சகாதேவன்