பதினேழாம் கட்டு

மார்ச் 3, செவ்வாய்

குடிநீர் அதிகாரம் இன்றைக்குத் தலைநகரை விட்டு நகரசபைக்கு வந்துவிட்டது. லாரியில் வந்தது. நாற்பத்தொரு கட்டுக் கோப்பு, சணல் கயிறு போட்டுக் கட்டி, பதினொரு மணிக்கு வாசலில் இறக்கிவிட்டுப் போய்விட்டார்கள். இனி இந்த ஊர்த் தண்ணீருக்குப் பைப் வாங்குவதும் பதிப்பதும் இந்த ஊர்க்காரர்கள் பாடு.

அதிகாரம் வந்ததே தவிர, அதை வைக்க அலமாரி வரவில்லை. நகரசபை மேனேஜர் நேராக என் கடைக்கு வந்தார். “முதலாளி, உங்க குடோன்ல ஒரு மாசம் வச்சுக்க முடியுமா? மழை வந்தா எல்லாம் கூழாயிடும்.” அவர் முடிப்பதற்குள் சரி என்றுவிட்டேன். பத்தொன்பது வருஷமாக இந்த ஊருக்குப் பைப் கொடுப்பவன் நான். என்னைப் பற்றிய கோப்பை என் கிடங்கிலேயே வைக்கிறோம் என்பது அந்த மனுஷனுக்குத் தோன்றவே இல்லை. நல்ல மனுஷன். இப்படி இருந்தால் எப்படி ஆபீஸ் நடத்துவார்?

மார்ச் 4, புதன்

தலைநகரிலிருந்து மச்சான் போன். பெண்டாட்டியின் தம்பி, அங்கே எனக்காக ஆபீஸ் ஆபீஸாக ஏறி இறங்குவதுதான் அவன் வேலை. “அத்தான், இனிமே நான் யாரைப் போய்ப் பாக்குறது?” என்றான். பதில் சொல்லாமல் வைத்துவிட்டேன். தெரிந்தால் அல்லவா சொல்ல?

மார்ச் 8, ஞாயிறு

இனி யாரைப் பார்ப்பது என்று இன்று நானே போய்ப் பார்த்தேன். தண்ணீர்க் குழுவுக்குத் தலைவி, டெய்லரம்மா. பன்னிரண்டு வருஷமாக என் சட்டையைத் தைப்பவள். இரண்டு தையல் மெஷின், ஒரு இஸ்திரி மேஜை, கழுத்தில் டேப். நேற்று வரை அவ்வளவுதான். இன்று அதே மேஜையில் ஊரின் குழாய் வரைபடத்தை விரித்து, கத்தரிக்கோலைப் பாரமாக வைத்திருக்கிறாள்.

தலைநகரில் பேசுகிற மாதிரியே ஆரம்பித்தேன் — என்ன உதவி வேண்டுமானாலும் கூச்சப்படாமல் கேளுங்கள் என்று. அவள் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

“ஒரு துண்டு பைப் கொண்டு வாங்கண்ணே. புதுசு வேணாம், தோண்டி எடுத்தது.”

பட்டியல்படிதான் கொடுத்திருக்கிறேன் என்றேன். தலைநகர் போட்டது, நாடு முழுக்க ஒரே பட்டியல்: ஜி.ஐ. பைப், அதாவது நாகம் பூசிய இரும்பு, இன்ன கனம் என்று. அதற்கு அவள் சொன்னதை அப்படியே எழுதி வைக்கிறேன்: “மூணு வருஷமா உங்க இடுப்பு ஏறிக்கிட்டே போகுது. நான் வாயத் திறந்தேனா? வந்தப்பல்லாம் அளவெடுத்துத் தைச்சேன். உங்க பட்டியல்காரங்க ஒரு தடவகூட இந்த ஊருக்கு டேப் புடிக்கலயேண்ணே.”

மெஷினில் இருந்த பெண் சிரிப்பை அடக்கிக்கொண்டு நூல் கோத்தாள்.

19-ஆம் தேதி புதுப் பைப்புக்கான விலைக் கவரை எல்லோர் முன்னிலையிலும் பிரிப்பார்களாம். யார் வேண்டுமானாலும் வந்து உட்காரலாமாம். அதற்கு முதல் நாள் பழைய புகார்க் கோப்பை எல்லாம் குழு படிக்குமாம்.

தலைநகரில் ஒரு மேஜைக்குக் கும்பிடு போட்டால் வேலை முடியும். இங்கே குழுவில் ஏழு பேர். மளிகைக்காரர் தன் தெருவுக்கு முதலில் வேண்டும் என்பார், கணக்கு வாத்தியார் புள்ளி, கமாவைக்கூட எண்ணுவார். அதிகாரம் ஊருக்கு வந்ததை விடுதலை என்று எவன் சொன்னான்?

மார்ச் 11, புதன்

மத்தியானம் கிடங்கில் தனியாக இருந்தேன். புகார்க் கோப்பு எது என்று பார்த்தேன். பதினேழாம் கட்டு. கயிற்றை அவிழ்த்தேன்.

நூற்றுக்கு மேல் மனுக்கள். தண்ணீர் செம்மண் நிறத்தில் வருகிறது, நாலு வருஷத்தில் பைப் ஓட்டையாகிவிட்டது, குடத்தின் அடியில் துரு படிகிறது. எல்லாவற்றுக்கும் ஒரே அச்சடித்த பதில், ஒரே முத்திரை: ‘பட்டியலில் கண்டபடி பொருள் வழங்கப்பட்டுள்ளது. மனு முடிக்கப்பட்டது.’

எங்கள் மண் உப்பு மண். ஜி.ஐ. பைப்பை நாலே வருஷத்தில் தின்றுவிடும். இது எனக்குத் தெரியும். இரண்டாவது முறை தோண்டியபோதே தெரியும். தின்றுவிட்டால் திரும்ப ஆர்டர் வரும். நான் ஏன் வாயைத் திறக்கவேண்டும்? பட்டியல் போட்டவன் ஒரு நாள் பயணத்தூரத்தில் உட்கார்ந்திருந்தான். அந்தத் தூரம்தான் என் வியாபாரம். சைக்கிளில் குழாய் விற்றவன் மாடி வீடு கட்டியது அந்தத் தூரத்தை வைத்துத்தான். நோட்டில் எழுதினால் குறைந்தா போய்விடும்?

புரட்டிக்கொண்டே வந்தபோது ஒரு கையெழுத்து. சமையலறை டப்பாக்களில் உளுந்து, மிளகு என்று ஒட்டியிருக்கிற அதே கையெழுத்து. என் பெண்டாட்டி. ஆறு வருஷத்தில் ஏழு மனு.

‘எங்கள் வீட்டில் சொந்தக் கிணறு இருக்கிறது. எனக்காக எழுதவில்லை. தெருப் பெண்கள் என் வீட்டுப் பின்வாசலில் குடத்தோடு நிற்பதைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்க முடியவில்லை.’

ஏழுக்கும் அதே முத்திரை.

பக்க எண் போடாத கட்டு. எத்தனை தாள் என்று எவனுக்கும் தெரியாது. தூக்கிக்கொண்டு போய்ப் பைப் அடுக்குக்குப் பின்னால் செருகிவிட்டு வந்தேன். ஏன் செய்தேன்? அவள் பேருக்காகவா, என் பேருக்காகவா? தெரிந்துகொண்டே கேட்கிறேன்.

மார்ச் 12, வியாழன்

சாப்பிடும்போது, “தெருவுல தண்ணி எப்படி வருது?” என்றேன், ஏதோ பேச்சுக்குக் கேட்பது போல. “பத்தொன்பது வருஷத்துல இன்னிக்குத்தான் கேக்குறீங்க,” என்று சொல்லிவிட்டு ரசத்தை ஊற்றினாள்.

மார்ச் 14, சனி

மச்சான் வந்து இறங்கினான். வழக்கமான ஜி.ஐ. பைப்பையே கொஞ்சம் விலை குறைத்துப் போடலாம் என்றான். “ஒரு டெய்லரு, ஒரு மளிகைக்கடை, ஒரு ரிட்டயர்டு வாத்தி. இவங்களுக்கு என்ன தெரியும், அத்தான்?” பிறகு குரலைத் தணித்து, “கோப்பெல்லாம் நம்ம குடோன்லதானே இருக்கு. ஒரு மூட்டை நனைஞ்சு போச்சுன்னா யாரு கேக்கப் போறா?” என்றான்.

நான் புதன்கிழமையே செய்துவிட்ட காரியம். ஆனாலும் அடுத்தவன் வாயிலிருந்து வரும்போது மட்டமாக இருந்தது. டீ குடித்துவிட்டுப் போகச் சொன்னேன்.

மார்ச் 15, ஞாயிறு

கேட்டுவிட்டேன். துணி மடித்துக்கொண்டிருந்தாள்.

“லெட்டர் எழுதினத என்கிட்ட ஏன் சொல்லல?”

மடிப்பதை நிறுத்தவில்லை. “சொல்லியிருந்தா என்ன பண்ணியிருப்பீங்க?”

நன்றாக யோசித்துவிட்டுத்தான் சொன்னேன். “பட்டியல்படிதான் குடுத்தேன்னு சொல்லியிருப்பேன்.”

“அவங்களும் அதையேதான் சொன்னாங்க. என்ன, அவங்க முத்திரை குத்தி அனுப்பினாங்க.”

என் சட்டையைத்தான் மடித்துக்கொண்டிருந்தாள். இடுப்பு பிரித்துத் தைத்த சட்டை.

எனக்குக் கோபம் வரவேண்டும். புருஷன் வியாபாரத்துக்கு எதிராக மனு போடுகிறவளை ஊரில் என்ன சொல்வார்கள்? — வரவில்லை. ஒரு மனுவில்கூட பைப் கொடுத்தவன் இன்னார் என்று அவள் எழுதவில்லை. ஏழையும் மறுபடி நினைத்துப் பார்த்தேன். ஒன்றில்கூட இல்லை.

மார்ச் 16, திங்கள்

பதினேழாம் கட்டைத் திரும்ப மற்ற கட்டுகளோடு வைத்தேன். கயிறு பழைய முடிச்சில் உட்காரவே இல்லை.

மார்ச் 18, புதன்

காலையில் குழு கிடங்குக்கு வந்து, என் நாற்காலிகளிலேயே உட்கார்ந்து கோப்பைப் படித்தது. நான் கடையிலேயே இருந்துகொண்டேன். போகும்போது டெய்லரம்மா கல்லாப் பக்கம் நின்று, “அக்காவுக்கு எழுத்து மணி மணியா இருக்குண்ணே,” என்றாள். அவ்வளவுதான்.

மத்தியானம் முழுக்க யோசித்தேன். கறுப்பு பிளாஸ்டிக் பைப் போட்டால் உப்பு தொடாது; முப்பது வருஷம் கிடக்கும். இந்த ஊரில் எனக்கு அடுத்த ஆர்டர் வரும்போது நான் இருப்பேனா என்பதே சந்தேகம். ஜி.ஐ. போட்டால் ஜெயிக்கவும் கூடும், நாலு வருஷத்தில் மறுபடி தோண்டுவார்கள். ஆனால் இந்த முறை ஒழுகினால் மனு தலைநகருக்குப் போகாது. சட்டை அளவு கொடுக்கப் போகிற இடத்தில் காத்திருக்கும்.

நான் நல்லவனாகிவிட்டேன் என்று நாளைக்கு யாரும் நினைக்க வேண்டாம். வாங்குகிறவன் பக்கத்தில் வந்துவிட்டான். சரக்கு மாறத்தான் வேண்டும்.

மார்ச் 19, வியாழன்

நகரசபைக் கூடத்தில் நாற்பது பேர் இருப்பார்கள். மூன்று கவர். வெளியூர்க்காரன் ஒருவன் ஜி.ஐ.யை என்னால் முடியாத விலைக்குப் போட்டிருந்தான். நான் போட்டது கறுப்பு பைப்; மூன்றிலும் அதிக விலை. மச்சான் தலையில் கை வைத்துக்கொண்டு கடைசி வரிசையில்.

டெய்லரம்மா கேட்ட துண்டைக் கொண்டுபோயிருந்தேன். எங்கள் தெருவில் தோண்டியது, நாலரை வருஷம் ஆனது. நெடுக அறுத்து மேஜைமேல் வைத்தேன். வெளியே உப்பு தின்ற ஓட்டைகள்; உள்ளே துரு அடைத்து, தண்ணீர் போக ஒரு விரல் அகலம்கூட இல்லை. கை மாறிக் கை மாறிப் போயிற்று.

கணக்கு வாத்தியார் கண்ணாடியைக் கழற்றினார். “இது இப்படி ஆகும்னு உங்களுக்கு முன்னாடியே தெரியுமா?”

தலைநகரில் இப்படி ஒரு கேள்வியை யாரும் என்னிடம் கேட்டதில்லை. அங்கே கேட்டிருந்தால் நூறு பதில் வைத்திருப்பேன். கூடத்தின் ஓரத்தில், தெருப் பெண்களோடு என் பெண்டாட்டி உட்கார்ந்திருந்தாள். வருகிறேன் என்று என்னிடம் சொல்லவே இல்லை.

“தெரியும்,” என்றேன்.

யாரோ பின்னால் செருமினார்கள். மளிகைக்காரர் எதற்கோ சிரித்தார். “தெரிஞ்சுமா குடுத்தீங்க?” என்றாள் டெய்லரம்மா. குரல் ஏறவில்லை.

“தெரிஞ்சுதான்மா குடுத்தேன். ஆர்டர் போட்டவங்க இந்தத் தண்ணிய குடிக்கல. குடிச்சவங்க ஆர்டர் போடல. நடுவுல நான் பொழச்சேன்.”

முடிவை அடுத்த வாரத்துக்குத் தள்ளிவிட்டார்கள். பத்தொன்பது வருஷப் பேரை ஒரே வார்த்தையில் விற்றுவிட்டு, கையில் ஒன்றும் இல்லாமல் வீட்டுக்கு வந்தேன். அவள் எனக்கு முன்னாலேயே வந்து சோறு வடித்துக்கொண்டிருந்தாள்.

மார்ச் 22, ஞாயிறு

கடைக்கு வந்த இரண்டு பேர் முகம் கொடுத்துப் பேசவில்லை. ஒருவர் பேசினார்: “எங்க வீட்டுக் குழாய நாங்க நாலு தடவ மாத்தினோம் தெரியுமா?” தெரியும் என்றேன். இந்த வார்த்தை பழகிவிட்டது.

மார்ச் 24, செவ்வாய்

ஆர்டர் எனக்குத்தான்; ஆனால் அதற்கு டெய்லரம்மாவின் இஸ்திரி மேஜையில் மூன்று மணி நேரம். தலைநகரில் எந்த அதிகாரியும் என்னை இப்படிப் பிழிந்ததில்லை. ஏழு பேரில் மூன்று பேர் இன்னும் என்னை நம்பவில்லையாம். அவர்களுக்காகத்தான் நிபந்தனைகள் என்றாள். மற்ற நாலு பேரும் நம்பித்தான் கொடுக்கிறார்களா என்று கேட்டேன். “பக்கத்துல இருக்கீங்கன்னு குடுக்கறாங்க,” என்றாள்.

கையெழுத்துப் போட்டு வந்தேன். கறுப்பு பைப், மீட்டருக்கு நூற்று முப்பத்தெட்டு. பத்து வருஷத்துக்குள் எங்கே ஒழுகினாலும் என் செலவு. வேலை ஊரின் கடைக்கோடியிலிருந்து ஆரம்பம். எங்கள் தெரு கடைசி. புகார் வந்தால் மூன்று நாளில் பதில், என் கையால் எழுதி. அச்சடித்தது செல்லாது.