கடல் அத்தியாயம்

பிப்ரவரி 12, 2024

காமாக்ஷி மேடத்தின் இரண்டாவது புத்தகத்தில் இருநூறாவது பக்கம் இன்று முடிந்தது. முதல் புத்தகம், அரசாட்சி பற்றி உலகம் யோசித்து வந்த வரலாறு. இது பொருளாதாரம் பற்றி யோசித்து வந்த வரலாறு. அபிராமபுரத்து வீட்டில் அவர் கையால் எழுத, மயிலாப்பூர் டி.டி.பி. கடையில் நான் டைப் செய்கிறேன். அவர் காலேஜில் முப்பது வருஷம் பாடம் நடத்தியவர். நான் பி.காம். இரண்டாம் வருஷத்தோடு நின்றவள். ஆனால் அந்தக் கோழிக் கிறுக்கலைத் தப்பில்லாமல் படிக்க இந்த ஊரில் என்னால் மட்டும்தான் முடியும். பெருமையாகவே எழுதிக்கொள்கிறேன்.

பிப்ரவரி 20

குத்தகை அத்தியாயம். நிலத்துக்கு ஏன் வாடகை வருகிறது என்று எத்தனை பேர் சண்டை போட்டிருக்கிறார்கள்! முழுசாகப் புரிந்தது. பஸ்ஸில் இறங்கவேண்டிய இடத்தைத் தாண்டிப் போய்விட்டேன்.

பிப்ரவரி 27

ஒரு வரியில் கை நின்றுவிட்டது.

"கடலுக்கு உரிமையாளர் இல்லை. ஆகவே மீனவர்களிடம் விதியும் இல்லை, முந்தியவர் எடுத்துக்கொள்வார்."

முதலாளி ஜவஹரிடம் காட்டினேன். "எழுதினதை அடி ஷீலா. தப்பு கண்டுபுடிக்கிறது நம்ம வேலை இல்ல. அந்தம்மா கோச்சிக்கினு வேற கடைக்குப் போனா இன்னா பண்ணுவ?" என்றார்.

அடிக்கவில்லை. எங்கள் மீனவர் குப்பத்தில் விதி இல்லையா? எந்த வலை கூடாது, எந்த நாள் யார் முறை — எல்லாம் ஊர்க் கூட்டத்தில் பேசித்தானே முடிவாகும்? இவ்ளோ படிச்சவங்க, எங்கள்ல ஒருத்தரைக்கூட கேக்காம எழுதிடுவாங்களா?

பிப்ரவரி 29

மேடம் வீட்டுக்கே போய்ச் சொல்லிவிட்டேன்.

"நானா எழுதலை ஷீலா. நான் படிச்ச அத்தனை புத்தகத்துலயும் இப்படித்தான் இருக்கு."

"அப்ப அத்தனைலயும் தப்பாத்தான் கீது மேடம்."

அவர் முகம் சிவந்தது. "சரி, நீ கிளம்பு." அவ்வளவுதான். எப்போதும் வரும் காபிகூட வரவில்லை.

மார்ச் 1

போன் வரவில்லை. ஆனாலும் சொன்னது சரிதான்.

மார்ச் 3, ஞாயிறு

காலை ஏழு மணிக்கு ஊரூர் ஒல்காட் குப்பத்தில் எங்கள் வீட்டுச் சந்தில் மேடம்! ஆட்டோ உள்ளே வராது என்று நடந்தே வந்திருக்கிறார். "மூணு நாளா அந்த ஒரு வரிதான் மண்டைக்குள்ள ஓடிண்டிருக்கு. ஒங்கப்பாவைப் பார்க்கணும்."

அப்பா நாகராஜ் படகோரமாக வலையைச் சரிசெய்துகொண்டிருந்தார். விஷயத்தைச் சொன்னேன்.

"இன்னாது, கடல்ல ரூல் இல்லையா? குந்துங்க டீச்சரம்மா. என் முறை இல்லாத அன்னிக்கு நான் பெரிய வலை எடுத்துக்கினு போனா ஊரே கேக்கும். என் சொந்தத் தம்பி போனான். ஒரு வாரம் கடலுக்கே போவாதன்னு கரையில உக்கார வெச்சோம்."

மேடம் மணலில் உட்கார்ந்து பதினொரு பக்கம் எழுதினார். அப்பா பேச்சு புரியாதபோதெல்லாம் என் முகத்தைப் பார்த்தார், நான் விளக்கினேன். எழுந்தபோது, "முப்பது வருஷமா தப்பா சொல்லிக் கொடுத்துண்டு இருந்திருக்கேன்" என்றார். கண் கலங்கியிருந்தது.

அப்பா வலையைக் கீழே வைத்தார். "மீன் துண்ணுவீங்களா?" என்று கேட்டார். மேடம் சிரித்துவிட்டார்.

ஜூன் 19

புத்தகம் அச்சுக்குப் போயிற்று. அந்த அத்தியாயம் முழுக்கப் புதிது. கடைசியில் வரும் சொல்லடைவு என் வேலை. 'கடல்' என்ற சொல்லுக்கு எதிரே பதினான்கு பக்க எண்கள்.

ஆகஸ்ட் 11

தி. நகரில் வெளியீட்டு விழா. கூட்டத்திலிருந்து ஒரு பேராசிரியர் எழுந்தார். "மீனவர் விதிகளுக்கு என்ன ஆதாரம்? எந்த ஆய்வுக் கட்டுரையில் இருக்கிறது?"

மேடம் மைக்கை என் பக்கம் நீட்டினார். "இவா பதில் சொல்லுவா."

எழுந்து மைக்கை வாங்கினேன். முதல் வாக்கியம் எப்படி வந்ததென்று தெரியாது. அதற்குப் பிறகு பத்து நிமிஷம் நிறுத்தவில்லை. கேட்டவர் உட்கார்ந்து குறிப்பெடுக்க ஆரம்பித்தார். எல்லோரும் கைதட்டினார்கள். பின்வரிசையில் வெள்ளைச் சட்டையோடு அப்பா — கைதட்ட மறந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

செப்டம்பர் 2

மூன்றாவது புத்தகம் தொடங்கிவிட்டது. உழைப்பு பற்றி. மீன் விற்கும் பெண்களைப் பற்றிய அத்தியாயத்தில் இன்று மூன்று பக்கம் டைப் செய்தேன். பின்னால் நின்று படித்த ஜவஹர், "நல்லாக்கீதே! மேடமா எழுதினாங்க?" என்றார்.

"இல்ல. நான்" என்றேன்.