படத்தொகுப்பு: றெபேக்கா

வெக்ஸ்போர்ட்
12.02.1996

அன்புள்ள வாகீசன் அண்ணைக்கு,

உங்கள் தடிமனும் தும்மலும் மாறியிருக்கும். என் தலையிடி மாறவில்லை. அதற்குக் காரணம் நீங்கள்தான். பாலேஸ்வரி அன்ரி வெங்காயம் உரிக்கும் காட்சியைப் போன மாதம் நீட்டச் சொன்னீர்கள். நேற்று அதை முழுவதும் வெட்டச் சொன்னீர்கள். அன்ரி நடிகை இல்லை, உங்கள் மேல்மாடிக்காரி. உரித்துக்கொண்டே கமராவைப் பார்த்து, "உந்த லைற்றைக் கொஞ்சம் நூத்துவிடும் தம்பி, கண் கூசுது" என்கிறார். படத்தில் உயிருள்ள இடமே அதுதான். நான் வெட்டமாட்டேன்.

அன்புடன்,
றெபேக்கா

சென் ஜேம்ஸ் ரவுண்
20.02.1996

அன்புத் தங்கச்சி றெபேக்காவுக்கு,

கோபத்திலும் உமது கையெழுத்து அழகுதான். ஆனால் இயக்குநர் நான். கமராவைப் பார்த்து ஒருவர் பேசினால் படம் கலைந்துவிடும். மூன்று படம் என்னோடு வேலை செய்த உமக்கு இதையும் எழுதவேண்டுமா? படச்சுருள்களை அனுப்பிவிடும். மிச்சத்தை நானே முடிக்கிறேன். உமது அம்மாவின் முழங்காலுக்கு டொக்டர் என்ன சொன்னார்?

வாகீசன்

வெக்ஸ்போர்ட்
03.06.1996

வாகீசன் அண்ணைக்கு,

விழாவில் உங்கள் படத்தைக் கடைசி வரிசையிலிருந்து பார்த்தேன். அன்ரியின் காட்சியை நீங்கள் வெட்டவில்லை. அவர் பேசியதும் அரங்கமே சிரித்தது. கண்ணைத் துடைத்ததும் அடங்கிப்போனது. சந்தோசத்தில் உங்களிடம் வரலாமென்று எழும்பினேன். அப்போதுதான் எழுத்து ஓடியது. இயக்கமும் படத்தொகுப்பும்: வாகீசன். நான் நன்றிப் பட்டியலில், சாப்பாடு தந்த கடைக்குக் கீழே. மேடையில் ஒருவர் அந்தக் காட்சியைப் பற்றிக் கேட்டார். "அது நான் வேணுமெண்டே விட்டது" என்றீர்கள்.

இதற்கு என்ன பதில், அண்ணை?

றெபேக்கா

சென் ஜேம்ஸ் ரவுண்
15.06.1996

அன்புத் தங்கச்சிக்கு,

கடைசியாகக் கை வைத்தவன் நான் என்பதால் பெயர் அப்படிப் போய்விட்டது. அவசரம். நீர் எங்கள் வீட்டுப் பிள்ளை, இதையெல்லாம் பெரிதுபடுத்தலாமா? ஆவணியில் அடுத்த படம் தொடங்குகிறேன். உமது பெயரைத் தனியாக, திரை நிறையப் போடுவேன். நீர் வந்து கன நாளாகிறதென்று வீட்டில் ரதியும் குறைப்படுகிறாள். வாரும்.

வாகீசன்

வெக்ஸ்போர்ட்
02.07.1996

அன்புள்ள அண்ணைக்கு,

ரதி அக்காவைப் பார்க்க வருவேன். படத்துக்கு வரமாட்டேன்.

பெயருக்காக மட்டுமில்லை. மேடையில் உங்கள் முகத்தைப் பார்த்தேன். நீங்கள் பொய் சொல்லவில்லை; அது உங்கள் யோசனைதான் என்று உண்மையாகவே நம்பிவிட்டீர்கள். அடுத்த படத்திலும் நம்புவீர்கள். பக்கத்திலிருந்து அதைப் பார்க்க எனக்குப் பொறுமையில்லை.

நான் ஒரு சின்னப் படம் எடுக்கிறேன். தொகுப்பதும் நான்தான். முடிந்ததும் சொல்லி அனுப்புவேன், வாருங்கள். வந்தால் எங்கே வெட்டவேண்டும் என்று மட்டும் சொல்லாதீர்கள்.

உங்கள் தங்கச்சி,
றெபேக்கா