ஒனேசிமஸைத் தேடிய தெரு

அன்புள்ள சிட்டுக்கு,

அம்மா எழுதுவது. இங்கே எல்லாரும் சுகம், உன் அப்பாவின் தொண்டையைத் தவிர. அது ஏன் கெட்டது என்று சொல்லத்தான் இவ்வளவு நீளமாக எழுதப்போகிறேன், ஆகையால் முதுகுக்கு ஒரு தலையணை வைத்து, காலை நீட்டிக்கொண்டு படி. கால் வீக்கம் வடிந்ததா என்று போன தடவை கேட்டிருந்தேன், நீ அதற்கு ஒரு வரிகூடப் பதில் எழுதவில்லை, பெயரைப் பற்றி மட்டும் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறாய். உப்பைக் குறைக்கச் சொன்னேனே, குறைத்தாயா? மாப்பிள்ளை சமைக்கிற நாளில் அவர் கண்ணை மூடிக்கொண்டு உப்புப் போடுகிறவர் என்று நீயே சொல்லியிருக்கிறாய், அதனால் கேட்கிறேன்.

உன் விஷயத்துக்கு வருகிறேன். பிறக்கப்போகிற பையனுக்கு மாப்பிள்ளை ஒனேசிமஸ் என்று பெயர் வைக்க ஆசைப்படுகிறார், ஏதோ ஒரு அருங்காட்சியகத்தில் மழைக்கு ஒதுங்கியபோது பழைய கிரேக்கக் கிண்ணம் ஒன்றின் பக்கத்தில் அந்தப் பெயரைப் படித்தாராம், அன்றிலிருந்து அவருக்கு வேறு பெயரே காதில் ஏறவில்லை. உனக்குப் பிடிக்கவில்லை, ஆனால் அவர் முகத்தைப் பார்த்தால் சொல்ல மனசு வரவில்லை. ஆகையால் நான் வேண்டாம் என்று சொன்னதாக நீ அவரிடம் சொல்லிக்கொள்வாய், "அவருக்கு உன்மேல ஏற்கெனவே கொஞ்சம் பயம்தாம்மா, மறுபேச்சு பேசமாட்டார்" என்று எழுதியிருக்கிறாய். போனில் பேசினால் அவர் காதில் விழும், கடிதம் என்றால் அவருக்குத் தமிழ் பேச வருமே தவிரப் படிக்க வராது, அதனால் காரணத்தை விவரமாக எழுதி அனுப்பு என்றும் கேட்டிருக்கிறாய். பயம் என்று தெரிந்ததில் எனக்குக் கொஞ்சம் திருப்திதான், மறைப்பானேன். ஆனால் நான் தண்ணீர் பரிசோதனைக்கூடத்தில் வேலை பார்க்கிறவள், கலங்கலாக இருக்கிறது என்பதற்காகவே கெட்ட தண்ணீர் என்று நான் எழுதிக்கொடுத்ததில்லை. தெளிவாக இருக்கிறது என்பதற்காக நல்லது என்றும் எழுதியதில்லை. சோதித்துப் பார்க்காமல் எதன் கீழும் கையெழுத்துப் போடுவதில்லை என்பது உனக்கும் தெரியும்.

அதனால் நம் அகராதிக்குப் போன் போட்டேன். பல்கலைக்கழக விடுதியில் என்னோடு ஒரே அறையில் இருந்தவள், பழைய மொழிகள் படித்தவள், உனக்குச் சின்ன வயதில் பொம்மைக்குப் பதிலாக அட்லஸ் வாங்கிக்கொண்டு வந்தாளே, அவள்தான். பெயரைச் சொன்னதும் யோசிக்கவே இல்லை, "கிரேக்கத்துல ஒனேசிஸ்னா நன்மை, ஆதாயம். அதுலேருந்து வந்தது. ஒனேசிமோஸ்னா பிரயோஜனமானவன், பயன்படுறவன்" என்றாள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "எதுக்குடி சிரிக்கிறே" என்றாள். எங்கள் வீட்டு ஆண்களை நினைத்துக்கொண்டேன் என்றேன். உன் அப்பா குளியலறைக் குழாயைத் தானே சரிசெய்கிறேன் என்று இறங்கிய பிறகு நாமெல்லாரும் பக்கத்து வீட்டில் வாளியோடு நின்றது உனக்கு நினைவிருக்கும். உன் மாமா அடித்துக்கொடுத்த அலமாரியில் புத்தகம் வைத்ததில்லை, அது விழாமலிருக்கப் புத்தகக்கட்டுகளைத்தான் முட்டுக்கொடுத்திருக்கிறோம். இந்தப் பரம்பரையில் வந்து பிறக்கிறவனுக்குப் பிரயோஜனமானவன் என்று பெயரா? ஆனாலும் பெயரின் அர்த்தத்தை வைத்து ஆளை அளக்கிற வழக்கம் எனக்கு இல்லை. உன் அப்பாவின் பெயருக்கு வெற்றி பெறுகிறவன் என்று அர்த்தம், இந்த வீட்டில் எந்த விவாதத்தில் அவர் ஜெயித்திருக்கிறார்? என் பெயருக்கு இனிமையாகப் பேசுகிறவள் என்று அர்த்தம், அதைப் பற்றி நான் ஒன்றும் சொல்லவேண்டியதில்லை.

ஆனால் அகராதி அதோடு நிறுத்தவில்லை. "இது அதிகமா அடிமைகளுக்கு வெச்ச பேரு, தெரியுமோ? வாங்கினவன் வெக்கிறது. காசு குடுத்து வாங்கியாச்சு, இனிமே இவன் நமக்குப் பிரயோஜனப்படட்டும்னு வெக்கிறது" என்றாள். என் சிரிப்பு நின்றுவிட்டது. போனை வைப்பதற்கு முன்னால், விடுதலை பெற்றவர்கள் பலரும் அந்தப் பெயரையே வைத்துக்கொண்டார்கள் என்றும், "வெச்சவன் போயிட்டான்டி, பேரு சுமந்தவனோடதா ஆயிடுச்சு" என்றும் சொன்னாள். அவள் எப்போதுமே இப்படித்தான், கடைசி வாக்கியத்தை முன்கூட்டியே தயார் செய்து வைத்திருப்பாள். ஆனால் நீ கேட்ட காரணம் எனக்குக் கிடைத்துவிட்டது. கௌரவமான காரணம், மாப்பிள்ளை பதில் சொல்லமுடியாத காரணம். அன்றைக்கே உனக்கு எழுத உட்கார்ந்தேன், பாதிகூட எழுதிவிட்டேன். நடுவில் உன் அத்தை போனில் வந்தாள். பெயரைக் கேட்டுவிட்டு, "இது என்ன, டாக்டர் எழுதிக் குடுக்கிற மாத்திரை மாதிரி இருக்கு! சாப்பாட்டுக்கு முன்னாடியா, பின்னாடியா?" என்றாள். சரி, அத்தையும் நம் பக்கம், வேலை முடிந்தது என்று நினைத்தேன்.

உன் அப்பாவை நான் கணக்கில் சேர்க்கவில்லை. பெயர் என்பது கூப்பிடுவதற்கு, அதனால் கூப்பிட்டுப் பார்க்காமல் எந்தப் பெயரையும் ஏற்கவோ தள்ளவோ கூடாது என்பது அவருடைய சித்தாந்தம். உனக்குப் பெயர் வைத்தபோதும் மொட்டைமாடியில் நின்று ஒவ்வொரு பெயராகக் கத்திப் பார்த்துத்தான் தேர்ந்தெடுத்தார், அப்போது நாங்கள் இருந்த வீட்டைச் சுற்றி வெறும் காலி மனைகள், கேட்பாரில்லை. இப்போது இருப்பது கடைத்தெரு, நாங்கள் குடிவந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை, இந்த வீட்டு வழக்கங்கள் தெருவுக்குத் தெரியாது. இதெல்லாம் அவருக்குத் தோன்றவே இல்லை. ஞாயிற்றுக்கிழமை காலையில், தெரு முழுக்க ஜனங்கள் இருக்கிற நேரத்தில், நான் தலைக்குக் குளிக்கப் போனதும், பால்கனியில் போய் நின்றுகொண்டு ஒனேசிமஸ் என்று கூப்பிட்டிருக்கிறார். முதலில் சாப்பிடக் கூப்பிடுகிற மாதிரி, பிறகு கோபமாக, பிறகு மைதானத்தின் அந்தக் கோடியில் பையன் விளையாடிக்கொண்டிருந்தால் எப்படியோ அப்படி. கடைசியில் குரல் உடைந்துவிட்டதாம். எதிர்க்கடைத் தையற்காரம்மா மெஷினை நிறுத்திவிட்டு நிமிர்ந்து, "என்ன சார், பையனைக் காணோமா?" என்று கேட்டிருக்கிறார். இவருக்கு இருமல் வந்து பேச முடியவில்லை, கையை மட்டும் ஆட்டியிருக்கிறார். கீழே இறங்கிப்போய் விளக்கலாம் என்று ஓடியிருக்கிறார், அது இன்னும் மோசம், பையனைத் தொலைத்தவர் வேறு எப்படி ஓடிவருவார்? மருந்துக்கடைக்காரர் கல்லாவை விட்டு வெளியே வந்து, "பதறாதீங்க சார், எங்கேயும் போயிருக்கமாட்டான்" என்று இவரைப் பிடித்து முக்காலியில் உட்காரவைத்துத் தண்ணீர் கொடுத்திருக்கிறார். இவர் இருமி முடிப்பதற்குள் தையற்காரம்மா தெருவில் நின்றவர்களை ஆளுக்கொரு பக்கமாகத் தேட அனுப்பிவிட்டார். குரல் திரும்பி வந்த பிறகாவது சொல்லியிருக்கலாம் அல்லவா என்று நான் பிற்பாடு கேட்டேன். "எல்லாரும் அவ்வளவு அக்கறையா ஓடுறாங்க, அவங்ககிட்ட போய் எப்படிச் சொல்றது?" என்கிறார். யார் மனசும் நோகக்கூடாது என்பதற்காக, இல்லாத பையனுக்கு அங்க அடையாளம் சொல்ல ஆரம்பித்துவிட்டார் உன் அப்பா.

இதெல்லாம் எனக்குத் தெரியாது. தலையில் துண்டைச் சுற்றிக்கொண்டு குளியலறையிலிருந்து வருகிறேன், காய்கறி வண்டிக்காரரின் ஒலிபெருக்கி வழக்கம்போல வெங்காயம், தக்காளி என்று ஆரம்பித்தது, திடீரென்று நின்றது. "ஒரு முக்கியமான செய்தி. ஒனேசிமஸ்ங்கிற பையனைக் காணோம். வயசு நாலு. சுருட்டை முடி. வலது புருவத்துல தழும்பு இருக்கும். பையன் அழமாட்டான், எதாவது கடைக்குள்ள போயி, எங்கப்பா காணாமப் போயிட்டாரு, கண்டுபிடிச்சுக் குடுங்கன்னு கேட்பான். பார்த்தவங்க மருந்துக்கடையில சொல்லுங்க. வெங்காயம், தக்காளி!" என்றது. நான் துண்டோடு அப்படியே நின்றேன். அலமாரியின் மேல் ஏறி விழுந்து அந்தத் தழும்பை வாங்கிக்கொண்டது யார் என்று உனக்குத் தெரியும். சந்தையில் தொலைந்துபோய்ப் பாத்திரக்கடைக்காரரிடம் அப்பாவைக் காணவில்லை என்று புகார் கொடுத்ததும் யார் என்று தெரியும். உன் அப்பாவிடம் ஒரு குழந்தையின் அடையாளம் கேட்டால், அவருக்குச் சொல்லத் தெரிந்தது அது ஒன்றுதான்.

ஈரத்தலையோடு இறங்கி மருந்துக்கடைக்குப் போனேன். தையற்காரம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "அழாதீங்கம்மா, கிடைச்சிருவான்" என்றார், நான் அழவில்லை, தலையிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. உன் அப்பா என்னைப் பார்த்துவிட்டு மேஜைமேலிருந்த இருமல் மாத்திரை டப்பாவைக் கவனமாகப் படிக்க ஆரம்பித்தார். "இவங்ககிட்ட சொல்லிட்டீங்களா, இல்லையா?" என்று மட்டும் கேட்டேன். அவர் எழுந்து நின்று, "அவன் இன்னும் பொறக்கலை" என்றார். காய்கறிக்காரர் மேற்கொண்டு அடையாளம் கேட்டுக்கொள்ள ஒலிவாங்கியோடு பக்கத்திலேயே நின்றிருந்தார், அதனால் அந்தச் சேதி தெருக்கோடிவரை தெளிவாகப் போய்ச் சேர்ந்தது. பிறகு மருந்துக்கடைக்காரர், "எப்போ பொறப்பான்?" என்று கேட்டார். "அடுத்த மாசம்" என்றார் உன் அப்பா. "அப்ப தேடுறதை நிறுத்திரலாம்ல?" என்றார் அவர். அதற்குத் தையற்காரம்மா, "நிறுத்துங்க, நிறுத்துங்க, பஸ் ஸ்டாண்டு வரைக்கும் ஆள் அனுப்பியிருக்கேன், அவங்களைத் திருப்பிக் கூப்பிடணும்!" என்று கத்தினார். சாக்கடைத் தண்ணீர் யார் கடை வாசலில் ஓடுவது என்று போன மழையில் வந்த தகராறுக்குப் பிறகு அந்த இரண்டு பேரும் ஒருவரோடு ஒருவர் பேசியது அதுதான் முதல் தடவையாம். பிறகு சிரித்தார்கள் பார், அதை எழுதிக்காட்ட எனக்கு வராது. உன் அப்பாவுக்கு அந்த இருமல் டப்பாவை இனாமாகவே கொடுத்து அனுப்பினார்கள்.

இதனால் ஒனேசிமஸ் நல்ல பெயர் என்று நான் முடிவு கட்டவில்லை. உன் அப்பா வேறு எந்தப் பெயரைக் கத்தியிருந்தாலும் அவர்கள் தேடத்தான் போயிருப்பார்கள், அது பெயரின் மகிமை இல்லை. ஆனால் பாதியில் விட்டிருந்த கடிதத்தை எடுத்துப் பார்த்தபோது மேலே எழுத ஓடவில்லை. வாங்கியவன் அந்தப் பெயரை வைத்தது, இவன் எனக்குப் பயன்படட்டும் என்று. நம் பையன் இன்னும் யாருக்கும் எதற்கும் பயன்படவில்லை, பிறக்கவே இல்லை, அவனுக்காக வியாபார நேரத்தில் கடையை விட்டுவிட்டு ஒரு தெருவே ஓடியிருக்கிறது. அப்படியிருக்க, அர்த்தத்தைக் காரணமாகக் காட்டி வேண்டாம் என்று எழுத எனக்குக் கூச்சமாக இருக்கிறது. வைப்பதென்றால் ஒன்று மட்டும் சொல்வேன்: அர்த்தத்தை அவனுக்குச் சொல்லுங்கள், அதன்படி நடக்கச் சொல்லாதீர்கள். அவன் தாத்தாவைப்போல ஒரு குழாயைக்கூடச் சரிசெய்யத் தெரியாதவனாக வளர்ந்தாலும் பரவாயில்லை.

வைக்க வேண்டாம் என்றால், அதுவும் சரிதான். ஆனால் வேண்டாம் என்பது நீ, நான் இல்லை. எனக்குப் பிடிக்கவில்லை என்று சொல்வதற்கு உனக்குக் கிரேக்கமும் வேண்டாம், என் கையெழுத்தும் வேண்டாம். முகம் வாடினால் வாடட்டும், பெற்று வளர்க்கப்போகிற இருபது வருஷத்தில் அவர் முகம் வாடும்படி நீயும் உன் முகம் வாடும்படி அவரும் எத்தனையோ சொல்லவேண்டியிருக்கும், ஒவ்வொன்றுக்கும் நான் இங்கிருந்து கடிதம் எழுதிக்கொண்டிருக்க முடியாது. மாப்பிள்ளைக்குப் படிக்கத்தானே வராது, கேட்க வருமே. இந்தக் கடிதத்தை முதல் வரியிலிருந்து அவருக்கு வாய்விட்டுப் படித்துக் காட்டு. உனக்குப் பிடிக்கவில்லை என்கிற இடத்தையும் விடாதே, அவருக்கு என்மேல் பயம் என்கிற இடத்தையும் விடாதே. உப்பு விஷயத்தைக் கொஞ்சம் அழுத்திப் படி.

மற்றபடி, வேறு பெயர் ஏதாவது யோசித்தால் சொல்லி அனுப்பச் சொல்கிறார் உன் அப்பா, தொண்டை சரியானதும் இந்தத் தடவை தெருவுக்கு முன்கூட்டியே தெரிவித்துவிட்டுக் கத்துவாராம். தையற்காரம்மா கையில்லாத சின்னச் சட்டை ஒன்று தைத்துக்கொண்டிருக்கிறார், அளவு கேட்டார், எனக்குச் சொல்லத் தெரியவில்லை. உன் அத்தைகூட நேற்று, "ஒனேசிமஸ் எப்படி இருக்கான்?" என்றுதான் விசாரித்தாள், மாத்திரை என்று சொல்லவில்லை.

வாழ்த்திப் பேசிப் பழக்கமில்லாதவள் நான். நல்லபடியாகப் பெற்று எழுந்து, மூன்று பேரும் ஒரு குறையுமில்லாமல் இருங்கள், அது போதும் எனக்கு. காலை உயரமாக வைத்துத் தூங்கு. எந்தப் பெயரானாலும் சரி, பிறந்தவுடன் முதல் சேதி இங்கே வந்துவிட வேண்டும். காய்கறி வண்டிக்காரர் தினமும் வாசலில் நின்று கேட்டுவிட்டுத்தான் போகிறார். பையன் கிடைத்துவிட்டான் என்று தெருவுக்கு அறிவிக்கவேண்டியது அவர் பொறுப்பாம்.

இப்படிக்கு,
மாப்பிள்ளை பயப்படத் தேவையில்லாத,
உன் அம்மா