இத்தாலித் துரைசாணிக்கு ஆயா

3 பிப்ரவரி 2006, வெள்ளி

கம்பெனியில் பசை தீர்ந்துபோச்சு. லேபிள் ஒட்டுகிற எங்கள் எல்லோரையும் பதினோரு மணிக்கே வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். திருவிழா நாடகங்கள் பங்குனிக்குத்தான். அதுவரைக்கும் நான் நடிகை இல்லை, லேபிள்காரி.

வந்தால் இவுக, என் வீட்டுக்காரர், வாசலில் நிற்கிறார்கள். லோடு வண்டியை அணைக்கக்கூட இல்லை.

"மல்லாங்கிணறு பக்கம் பங்களாவுல சினிமா எடுக்காக. வெள்ளக்காரன் காலத்துக் கதை. துரைசாணி வீட்டு ஆயா வேசத்துக்கு நாடகக்காரப் பொம்பள வேணுமாம். உன் பேரச் சொல்லிட்டு வந்துட்டேன்."

"ஆயாவா? எனக்கு நாப்பத்திமூணுதான ஆகுது."

"இருபத்திரெண்டுலயே கெழவியா நடிச்சவதான நீ?"

அது உண்மைதான். அன்றைக்குக் கிழவி வேசக்காரிக்குக் காய்ச்சல். ஒரு நாளைக்கு என்று நரைமுடியை என் தலையில் வைத்தார்கள். அதை இறக்க யாருக்கும் மனசே வரவில்லை.

9 பிப்ரவரி

எடுத்துக்கொண்டார்கள்! டைரக்டர் பேர் சங்கரலிங்கம். முதல் படமாம். நகம் கடித்துக் கடித்து விரல் நுனியே இல்லை.

"அழுது காட்டுங்க" என்றார். அழுதேன். "போதும்" என்றார். எனக்கு ஆரம்பித்தால் சட்டென்று நிற்காது. டீ கொண்டுவந்த ஆள் தூக்குவாளியை இறக்கிவைத்துவிட்டு, "யாரு தவறிட்டாக?" என்று கேட்டார்.

மூன்று வசனம். "அம்மா, தொரை வந்துட்டாரு." "அம்மா, பால் ஆறிருச்சு." மூன்றாவதுதான் வசனம்: "இந்தக் கரிசல் மண்ணு ஒங்களயும் அழ வச்சிருச்சே தாயீ." வீட்டில் ஆட்டுக்குட்டியிடம் இருபது தடவை சொல்லிப் பார்த்தேன். நல்ல ரசிகை. அசையாமல் கேட்டது.

11 பிப்ரவரி

துரைசாணி வந்தாச்சு. அறுபது வயதுக்கு மேல். நல்ல உயரம், கத்தி மாதிரி மூக்கு. டைரக்டர் நேற்றெல்லாம் மனப்பாடம் பண்ணிய இங்கிலீஷில் வரவேற்றார். அந்தம்மா இரண்டு கையையும் ஆட்டி மடை திறந்த மாதிரி பேசியது. ஒருத்தருக்கும் விளங்கவில்லை.

அப்புறம்தான் தெரிகிறது — இங்கிலாந்துக்காரி இல்லை, இத்தாலிக்காரி. பம்பாய் ஏஜென்டிடம் 'வெள்ளைக்காரம்மா வேணும்' என்று மட்டும் சொல்லியிருக்கிறார்கள். அவனும் வெள்ளையாகப் பார்த்து ஒன்றை அனுப்பிவிட்டான்.

டைரக்டர் பத்து நிமிடம் தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தார். பிறகு மேனேஜரிடம், "இத்தாலிக்கும் இங்கிலீசுக்கும் வித்தியாசம் தெரியுதா ஒமக்கு?" என்று கேட்டார்.

"தெரியலயே சார்."

"அப்பச் சரி. ஆரம்பிப்போம்."

பேர் தெரேசினா பல்தூச்சி. பேச்சைச் சொல்ல விருதுநகர் பாத்திரக்கடை முகம்மது நூகு அண்ணன் மகள் மஹ்ரீனை வரவழைத்திருக்கிறார்கள். காலேஜில் இங்கிலீஷ் படிக்கிற பிள்ளை. அதற்கு அரை இங்கிலீஷ், அந்தம்மாவுக்கு அரை இங்கிலீஷ். சேர்த்தால் ஒன்று.

என் பேர் அந்தம்மா வாயில் 'ள' வராமல் வெல்லத்தாய் ஆகிவிட்டது. இருக்கட்டும், இனிப்புதானே.

12 பிப்ரவரி

அந்தம்மா மிளகாய்ச் சட்னியை ஜாம் என்று நினைத்து ரொட்டியில் தடவிச் சாப்பிட்டுவிட்டார். மத்தியானம் வரைக்கும் ஷூட்டிங் இல்லை.

14 பிப்ரவரி

பாவம், இரண்டு நாளாக வாழைப்பழம்தான். அதனால் இடியாப்பம் அவித்து, தக்காளிக் குழம்பு காரமில்லாமல் வைத்துக் கொண்டுபோனேன். மூடியைத் திறந்ததும் அவர்கள் ஊர்ச் சேமியா மாதிரியே இருக்காம், அந்தம்மா கை தட்டியது. பிறகு இடியாப்பத்தைக் கிள்ளக்கூட இல்லை, முள்கரண்டியால் சுற்றிச் சுற்றி, நூல் கண்டு மாதிரி உருட்டி, பன்னிரண்டு! மஹ்ரீனுக்கு என்று வைத்திருந்ததும் போச்சு.

சாப்பிட்டதும் ஒரு போட்டோ ஆல்பத்தை எடுத்து மடியில் வைத்தார்கள். மஹ்ரீன் சொல்லச் சொல்லக் கேட்டேன்.

பதினாறு வயதில் மேடையேறியவர். நாற்பத்தேழு வருசம். நாடகத்தில் சமையல்காரி, மாமியார், வாடகை கேட்கிற வீட்டுக்காரி. சினிமாவில் கன்னியாஸ்திரி மட்டும் பத்தொன்பது தடவை. பதினோரு தடவை செத்திருக்கிறார். ஒரு படத்தில் வேலை என்னவென்றால், சன்னலைத் திறந்து தெருவைப் பார்த்துத் திட்டிவிட்டு மூடவேண்டும். அந்தப் படம் ஓகோவென்று ஓடியதாம். இன்றைக்கும் அவருடைய ஊர்க் கடைத்தெருவில் ஆட்கள் அந்தத் திட்டைத் திட்டச் சொல்லிக் கேட்பார்களாம். திட்டினால் கத்திரிக்காய் ஓசி.

ஆல்பத்தில் எல்லாப் போட்டோவிலும் யாரோ ஒருத்தர் தோளுக்குப் பின்னாடி நிற்கிறார். சிலதில் பாதி முகம். ஒன்றில் வெறும் கை. அந்தக் கையைத் தொட்டுக் காட்டி, "இது நான்தான், நல்லா நடிச்சேன்" என்று சொன்னார். சிரிக்கவில்லை. எனக்கும் சிரிப்பு வரவில்லை. நான் நடித்த நாடக நோட்டீசில் எல்லாம் என் பேர் 'மற்றும் பலர்' தான்.

17 பிப்ரவரி

போச்சு. எல்லாம் போச்சு.

புரொடியூசருடைய கொழுந்தியா செல்வலட்சுமிக்கு நடிக்க ஆசை வந்துருச்சாம். ஆயா வேசம் அவளுக்காம். மூணு வசனமும் அவளுக்காம்! நான் கூட்டத்துல கொடம் தூக்கிட்டு நிக்கணுமாம். பட்டுச் சேலயும் ரெட்டவடச் சங்கிலியும் போட்ட ஆயாவ எங்கயாச்சும் பாத்திருக்கீகளா? யார்ட்ட கேக்குறேன் நான்?

டைரக்டர் என் முகத்தைப் பார்க்கவில்லை. நகத்தைத்தான் பார்த்தார். இல்லாத நகத்தை.

இவுக, "நாளைக்குப் போகாத. லேபிள் ஒட்டப் போ" என்கிறார்கள். போகலாமா? குடம் தூக்கவா இருபத்தொரு வருசம் கத்தினேன்?

18 பிப்ரவரி

போனேன். குடம் தூக்கத்தான் போனேன். ஆனால் நடந்தது வேறு.

செல்வலட்சுமி பட்டுச் சேலையில் வந்து துரைசாணி பக்கத்தில் நின்றாள். "ஆக்சன்" என்றதும் அந்தம்மா "ஆ!" என்று நெஞ்சைப் பிடித்து, கண் செருகி, செல்வலட்சுமி மேலேயே சாய்ந்து, அவளையும் இழுத்துக்கொண்டு தரையில் விழுந்துவிட்டது.

பங்களாவே கலகலத்துப்போச்சு. டைரக்டர் "ஐயோ, பாஸ்போர்ட்டு!" என்று கத்தினார். ஏன் அதைச் சொன்னார் என்று அவருக்கே தெரியாது. டாக்டரைக் கூட்டிவந்தார்கள். அவர் நாடி பார்த்தார், கண்ணை விரித்துப் பார்த்தார், கடைசியில் பெரிய ஊசியாக ஒன்று போட்டார். அந்தம்மா இமைகூட அசைக்கவில்லை. எனக்கே பயமாகி, பக்கத்தில் உட்கார்ந்து கையைப் பிடித்தேன்.

என் விரலை ஒரு அமுக்கு அமுக்கியது. இரண்டு அமுக்கு.

அடி கள்ளி!

பிறகு மெல்லக் கண் திறந்து, ஈனஸ்வரத்தில் என்னமோ முனகியது. மஹ்ரீன் குனிந்து கேட்டுவிட்டு, முகத்தை எங்கேயோ திருப்பிக்கொண்டு சொன்னாள்: "சார், அந்தப் பட்டுச் சேலை வாசன ஆகலயாம். இடியாப்பம் குடுத்த அக்காதான் பக்கத்துல நிக்கணுமாம். இல்லாட்டி மறுபடியும் விழுந்துருவாகளாம்."

செல்வலட்சுமி தானாகவே, "எனக்கு வேண்டாம்ப்பா இந்த நடிப்பு, இடுப்பு போச்சு" என்று காரில் ஏறிவிட்டாள்.

சாயங்காலம் அந்தம்மா ஊசி போட்ட இடத்தைத் தேய்த்துக்கொண்டே, "பன்னிரண்டாவது சாவு" என்று மஹ்ரீனைச் சொல்லச் சொன்னார்கள். நான் சிரித்தேன், அப்புறம் அழுதேன். எனக்காக ஒருத்தர் விழுந்து பார்த்ததில்லை.

20 பிப்ரவரி

துரை செத்துக் கிடக்கிற சீன். துரையாக நடித்தது விஸ்வநத்தம் பாண்டிராஜ். ஆள் சிவப்பு என்று பிடித்தார்கள். போதாதென்று ஒரு டப்பா பவுடரும் பூசியிருந்தார்கள்.

டைரக்டர் எங்களிடம், "வெள்ளக்காரங்க சத்தமா அழ மாட்டாக. கைக்குட்டைய வச்சு லேசா ஒத்துனாப் போதும்" என்றார்.

அதை மஹ்ரீன் சொன்னாளா, அந்தம்மாவுக்கு விளங்கவில்லையா, தெரியாது. கேமரா ஓடியதும் "ஓ..." என்று ஒரு சத்தம். தலையில் அடித்துக்கொண்டு, பாண்டிராஜ் சட்டையைப் பிடித்து உலுக்கி — எங்கள் பக்கத்துப் பொம்பளைகள் தோற்றார்கள். எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது. சும்மா நிற்க முடியுமா? மூன்றாவது வசனத்தை அப்படியே ஒப்பாரியாக எடுத்துவிட்டேன். "இந்தக் கரிசல் மண்ணு... ஒங்களயும்... அழ வச்சிருச்சே தாயீ..." அந்தம்மா அவர்கள் பாஷையில் பதில் பாடினார்கள். நான் ஒரு அடி, அவர்கள் ஒரு அடி. கழுத்தைக் கட்டிக்கொண்டு ஆடினோம். லைட் பிடித்தவர் அழுதார். மேனேஜர் அழுதார்.

பிணமும் அழுதது. பாண்டிராஜ் கண்ணிலிருந்து தண்ணி இறங்கி, பவுடரில் இரண்டு வாய்க்கால்.

டைரக்டர் மூக்கைச் சிந்திக்கொண்டே "கட்" என்று கையால் காட்டினார்.

23 பிப்ரவரி

தெரேசினாம்மா கிளம்பிவிட்டார்கள். காரில் ஏறும் முன்னால் டைரக்டரைக் கூப்பிட்டு, தன் கண் முன்னாலேயே ஒரு தாளில் என் பேரை எழுதச் சொன்னார்கள். படத்தில் போடணுமாம். அவர் எழுதினார். எழுத்து சரியா என்று என்னிடம் காட்டச் சொன்னார்கள். சரியாக இருந்தது.

நானும் அந்தம்மாவும் அழவில்லை. அன்றைக்கே அழுது தீர்த்துவிட்டோம்.

18 ஆகஸ்ட், வெள்ளி

படம் வந்தாச்சு. விருதுநகரில் முதல் காட்சி. நான், இவுக, மஹ்ரீன், அவள் அம்மா.

என் பேர் திரையில் தனி வரியில்! அடுத்த வரியில் 'தெரேசினா பால்பூச்சி'. ஐயோ, அந்தம்மா இதைப் பார்க்கக்கூடாது.

அழுகை சீன் வந்தது. தியேட்டரே சிரித்தது. ஒருத்தன் பெஞ்சில் ஏறி நின்று சிரித்தான். நான் சேலைத் தலைப்பால் முகத்தை மூடிக்கொண்டேன். எங்களுக்கு நெஞ்சறுந்து வந்ததய்யா அது, இம்புட்டுச் சிரிப்பாணியாவா இருக்கு? எந்திரிச்சுப் போயிரலாம்னு பாத்தேன்.

இவுக என் கையைப் பிடித்து உட்கார வைத்தார்கள். "இரு புள்ள. விசிலடிக்கான் பாரு."

ஆமாம், விசில். "இன்னொருக்கப் போடு!" என்று கத்தல். ஆப்பரேட்டர் நிஜமாகவே ரீலைத் திருப்பிப் போட்டார். இரண்டாம் தடவை சிரிப்பு பாதியில் அடங்கிவிட்டது. எனக்குப் பின்னால் ஒரு பொம்பளை மூக்கை உறிஞ்சுவது கேட்டது. பிறகு மறுபடி சிரித்தார்கள். எது நல்லது? தெரியவில்லை. இரண்டும் எங்களுடையதுதான்.

வெளியே வந்தால் நாலைந்து பேர் சூழ்ந்துகொண்டார்கள். "அக்கா, ஒருதரம் அழுங்க."

22 ஜனவரி 2007

எழுத நேரமில்லை. வேன் வந்து ஹாரன் அடிக்கிறான். திண்டுக்கல்லில் நாலு நாள் ஷூட்டிங், அங்கிருந்து அப்படியே தேனி. இந்தத் தடவை யாருக்கு அம்மா என்று இன்னும் சொல்லவில்லை. இவுக புளிச்சோறு கட்டிக்கொண்டிருக்கிறார்கள். உப்புப் போட்டார்களா என்று பார்க்கவேண்டும்.